ஒத்தக்கைக் கட்டு

வாளித் தண்ணீரில் அமிழ்ந்த மாவுக்கட்டுச் சுருளிலிருந்து குமிழிகள் மேலே வந்துகொண்டிருந்தன. கடைசிக் குமிழி உடையும்வரை காத்திருந்த கைகள், சுருளை இரண்டு முனையிலும் பிடித்து, முனைகளை நடுப்பக்கமாக மெல்ல அழுத்தி வெளியே எடுத்தன. முறுக்கிப் பிழிந்தால் மாவெல்லாம் தண்ணீரோடு போய் வெறும் துணிதான் மிஞ்சும். பிழியாமல் சுற்றினால் கட்டு இறுகுவதற்குள் நோயாளி ஒரு தூக்கம் போட்டு எழுந்துவிடலாம். பஞ்சு சுற்றிய முன்கையின் மேல் சுருள் உருண்டு போயிற்று. பின்னாலேயே உள்ளங்கை வந்து தடவியது. விரல் நுனி எங்கும் படவில்லை. ஈரமாவில் விரல் பதிந்த குழி, காய்ந்தபின் உள்ளே ஒரு கல்லைப் போல உறுத்தும்.

முன்கை ஒரு தையல்காரப் பெண்ணுடையது. அவளுடைய விரல்கள் சல்லாத்துணிப் பட்டையில் மாட்டப்பட்டு, குளுக்கோஸ் பாட்டில் தொங்கவிடும் கம்பியில் கட்டப்பட்டிருந்தன. மேல்கையில் தொங்கிய மணல் பை கீழே இழுத்துக்கொண்டிருந்தது.

"துணி காயப்போட்ட மாதிரி தொங்கவிட்டிருக்கீங்களே, எல்லாருக்கும் இப்படித்தானா?" என்றாள் அவள்.

"இப்ப கொஞ்ச நாளா இப்படித்தாம்மா."

"எங்க மாமியாருக்குப் போட்டப்போ ஒரு அம்மா பிடிச்சுக்கிட்டாங்க. சிரிச்சுப் பேசிக்கிட்டே இருந்தாங்களாம். வலியே தெரியலைன்னு மாமியார் இன்னும் சொல்லுவாங்க. அந்தம்மா இல்லையா?"

கைகள் நின்றுவிட்டன. மாவு யாருக்காகவும் நிற்காது என்பது நினைவுக்கு வந்து, மறுபடி உருட்ட ஆரம்பித்தன.

"சலவைப் பக்கம் மாத்திட்டாங்கம்மா."

"ஏன்?"

அவர் அடுத்த சுருளைத் தண்ணீரில் போட்டுவிட்டு, அது குமிழி விடுவதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

*

அந்த அரசு மருத்துவமனையில் அவரைக் கட்டுக்காரர் என்பார்கள். வேலைக்குச் சேர்ந்தபோது அவர் வார்டுப் பணியாளர். தள்ளுவண்டி தள்ளினார், படுக்கை மாற்றினார். மாவுக்கட்டு அறையில் முறைப்படி படித்த ஒருவர் இருந்தார். அவர் ஓய்வுபெற்றுப் போனபின் அந்த இடத்துக்கு யாரையும் போடவில்லை. இரண்டு கையும் மாவாக நின்ற எலும்பு டாக்டர் ஒரு நாள், "பார்த்துக்கிட்டேதானே நிக்கறே, சுத்து" என்றார். சுற்றினார். டாக்டர் தட்டிப் பார்த்துவிட்டு அடுத்த நோயாளியைப் பார்க்கப் போய்விட்டார். அன்று தொடங்கியது. பதிவேட்டில் அவர் பணியாளராகவே இருந்தார். சம்பளமும் பணியாளருக்கு உரியதுதான்.

அந்த அறைக்கு ஒரு ஆள் போதாது. கை என்றால் எப்படியாவது சமாளிக்கலாம். கால் அப்படியல்ல. முறிந்த காலை ஒருவர் குதிகாலிலும் முன்பாதத்திலும் பிடித்து, இழுத்து, நேராக நிறுத்த வேண்டும். மற்றவர் தொடையிலிருந்து விரல்வரை சுற்ற வேண்டும். சுற்றி முடித்தபின்னும் பிடித்தவர் விடக்கூடாது. மாவு சூடேறி, ஆறி, கல்லாகும்வரை அசையாமல் நிற்க வேண்டும். தோள் இறங்கினால் கணுக்கால் இறங்கும். கணுக்கால் இறங்கினால் கட்டுப் பிரித்த மனிதன் ஆயுசுக்கும் நுனிக்காலால் நடப்பான். மாவுக்கட்டில் பாதி வேலை பிடிப்பதுதான்.

அந்தப் பாதியைச் செய்தவர் பிடியக்கா. அவரும் வார்டுப் பணியாளர். கட்டுக்காரரைவிட மூத்தவர். பிடிப்பதனால் அந்தப் பெயர். அவர் உள்ளங்கையில் ஒரு குதிகால் உட்கார்ந்துவிட்டால், கட்டிலில் உட்கார்ந்த மாதிரி. கட்டறுக்கும் மின்ரம்பம் சுழலாது, அதிரும்; தோலை அறுக்காது. அதைப் பார்த்துக் குழந்தைகள் அலறும்போது, ஓடுகிற ரம்பத்தைத் தன் உள்ளங்கையில் வைத்துக் காட்டி, "பாரு, இதுக்குப் பல்லே இல்ல, கிழவன் இது" என்பார். அழுத பிள்ளை ரம்பத்தைப் பார்த்துச் சிரிக்கும்.

செய்கிற வேலைக்கான சம்பளத்தைக் கட்டுக்காரர் துறையிடம் கேட்டார். சான்றிதழ் இல்லை என்று பதில் வந்தது. வழக்குப் போட்டார். ஒரு நீதிபதி, வேலை வாங்கிக்கொண்டீர்கள், உரிய சம்பளம் கொடுங்கள் என்று தீர்ப்பளித்தார். துறை மேல்முறையீட்டுக்குப் போனது. கொடாக்கண்டனுக்கும் விடாக்கண்டனுக்கும் நடுவில் வாய்தாக்கள் ஓடின. வாய்தா நாட்களில் மாவுக்கட்டு அறையைப் பிடியக்காதான் பார்த்துக்கொண்டார். பணி டாக்டரைக் காலைப் பிடிக்கச் சொல்லிவிட்டு அக்காவே சுற்றுவார். மறுநாள் காலையில், "என்னாச்சு தம்பி? இந்தத் தடவையாவது ஜட்ஜு முழிச்சிருந்தாரா?" என்று கேட்பார்.

மேல்முறையீட்டில் அரசு வக்கீல் புதிய வாதத்தோடு வந்தார். கட்டுப் போடுவது டாக்டர். பணியாளர்கள் இருவர் உதவுகிறார்கள், ஒருவர் பிடிக்கிறார், ஒருவர் சுற்றுகிறார். இருவருமே உதவியாளர்கள்தான், ஒருவருக்கு மட்டும் தொழில்நுட்பர் சம்பளம் எப்படிக் கொடுப்பது?

அன்று நீதிமன்றத் தாழ்வாரத்தில் கட்டுக்காரரின் வக்கீல் அவரைத் தூணோரம் நிறுத்தினார்.

"கூட யாரும் இல்லைன்னு சொல்லணும். தனியாத்தான் செய்யறேன். பிரமாணப் பத்திரத்துல அப்படித்தான் போட்டிருக்கேன், நீங்க கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

"அக்கா பிடிப்பாங்களே சார்."

"பிடிக்கட்டும். நாளைக்கு அந்தம்மாவும் கேஸ் போடும்னு அரசு பயப்படுது. அந்த பயத்தைக் கிளப்பிவிட்டா உங்க கேஸும் சேர்ந்து போயிடும். யாரையும் குறை சொல்லச் சொல்லலையே? தனியா, அவ்வளவுதான். ஒரு வார்த்தை."

ஒரு வார்த்தைதானே என்று அவருக்கும் தோன்றியது.

உள்ளே இரண்டு நீதிபதிகள் இருந்தார்கள். அவர்களில் பெரியவர் வக்கீல்களின் பேச்சைக் கையமர்த்தி நிறுத்திவிட்டு, "மனுதாரர் வந்திருக்காரா?" என்று கேட்டார். கட்டுக்காரர் எழுந்து நின்றார்.

"கால் முறிஞ்சு வர்றாங்க. காலை யார் பிடிச்சுக்குவாங்க?"

அவர் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

"நான்தான் ஐயா."

"அப்ப சுத்தறது?"

"அதுவும் நான்தான் ஐயா."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. "எப்படின்னு காட்டுங்க, பார்ப்போம்" என்றார். உண்மையாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

கட்டுக்காரர் இடது கையைத் தூக்கினார். அந்தரத்தில் ஒரு குதிகாலைப் பிடித்தார். "ஒத்தக் கையால இப்படிப் பிடிச்சுக்குவேன் ஐயா. இந்தக் கையால சுத்துவேன்." வலது கை, இல்லாத சுருளை எடுத்து, இல்லாத காலைச் சுற்றி உருட்டியது. அந்தப் பக்கம் போன சுருளை வாங்க ஒரு கை வேண்டும்; அது குதிகாலைப் பிடித்துக்கொண்டிருந்தது. ஆகவே சுருள் தன் மணிக்கட்டையே சுற்றிச் சுற்றி வந்தது. குதிகாலையும் அவர் விரல் நுனியால் பிடித்திருந்தார். வேலையில் ஒரு நாளும் செய்யாத தப்பு அது. பொய்யில் செய்தார்.

"பழக்கம்" என்றார் பெரிய நீதிபதி மற்றவரிடம், மிகவும் கனிவாக. "பழகிட்டா எதுவும் வரும்."

அந்தக் கனிவுதான் அவர் முதுகில் ஊசியாக இறங்கியது. பார்வையாளர் பெஞ்சில் அவருடைய மனைவி, கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள், பெருமையில். அவளுக்கு இரண்டு வரிசை பின்னால், துறைக் கோப்போடு வந்த மருத்துவமனை எழுத்தர் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தார்.

தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. "எவருடைய உதவியுமின்றித் தனியொருவராக" என்று அதில் இருந்தது. துறை அதற்கும் மேலான நீதிமன்றத்துக்குப் போவதாகச் சொல்லி, சம்பளத்தை நிறுத்திவைத்தது.

*

தீர்ப்பு மருத்துவமனைக்கு வருவதற்கு முன்பே எழுத்தரின் நடிப்பு வந்துவிட்டது. டீக்கடை வாசலில் நின்று அவர் இடது கையைத் தூக்கிக் காட்ட, தள்ளுவண்டிக்காரர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள்.

"ஒத்தக்கை வந்துட்டார், வழி விடுங்கப்பா" என்றார் வாட்ச்மேன். "ஏங்க, டீயை எந்தக் கையால குடிப்பீங்க? சும்மா இருக்கற கையால எனக்கு ஒரு கட்டுப் போட்டுவிடலாமே."

"ஒரு கை தட்டினா ஓசை வராதுன்னு எவன்யா சொன்னது?" என்றான் ஒரு தள்ளுவண்டிக்காரன். "நம்ம ஆளு தட்டினார், கோர்ட்டு வரைக்கும் கேட்டுச்சு."

கட்டுக்காரர் டீயை வாங்கி, ஊதாமலே குடித்து, நாக்கைச் சுட்டுக்கொண்டு அறைக்குப் போனார்.

பிடியக்கா பஞ்சுச் சுருள்களை அடுக்கிக்கொண்டிருந்தார்.

"நிஜமாவே காட்டினீங்களா தம்பி?"

அவர் வாளியை எடுத்து ஓரமாக நகர்த்தி வைத்தார்.

"எழுத்தர் இல்லாததையும் சேர்த்துச் சொல்ற ஆளு. அதான் கேக்கறேன். எங்க, எனக்கும் ஒரு தடவை காட்டுங்களேன்."

அக்கா கேலியாகக் கேட்டிருந்தால் தாங்கியிருக்கலாம். நடந்திருக்காது என்று இன்னும் நம்ப இடம் தேடுகிற குரல் அது. கட்டுக்காரரின் இரண்டு கைகளும் தொடையோடு ஒட்டிக்கொண்டு நின்றன. அக்கா கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு பஞ்சை அடுக்கி முடித்தார். அன்று வந்த கால்களையெல்லாம் பிடித்தார். வாய்தான் திறக்கவில்லை. நோயாளிகள் அதிகமாகக் கத்தினார்கள்.

அடுத்த வாரம் பணி ஒதுக்கீட்டுப் பட்டியல் ஒட்டப்பட்டது. மாவுக்கட்டு அறைக்கு நேரே ஒரே ஒரு ஆள். பிடியக்கா சலவைப் பிரிவில். கட்டுக்காரர் கண்காணிப்பாளரிடம் ஓடினார். கண்காணிப்பாளர் கெட்டவர் அல்ல. எதையும் எழுத்தில் பார்க்கிறவர்.

"சார், அக்காவுக்கு முழங்கால் வலி. சலவைக்கு ஈரத்துணி தூக்கணும்."

"ஆள் பற்றாக்குறை. எங்க உபரின்னு தேடறேன். தீர்ப்புல உங்க அறைக்கு உதவியாளர் தேவையில்லைன்னு தெளிவா இருக்கு. அப்புறமும் அங்க ஒருத்தரை உட்கார வெச்சிருந்தா தணிக்கைக்காரன் என்னைக் கேப்பான்."

"வாயால ஒரு உத்தரவு போட்டுடுங்க சார். மறுபடி வரட்டும்."

"வாயால சொன்னதாலதானே இந்த நிலைமை?" என்றார் கண்காணிப்பாளர். "உதவி வேணும்னா எழுதிக் குடுங்க. ஆனா ஒண்ணு, வழக்கு நிலுவைல இருக்கு. நீங்க எழுதற எதையும் நான் அரசு வக்கீலுக்கு நகல் அனுப்பியே ஆகணும். யோசிச்சுக்குங்க."

கட்டுக்காரர் யோசித்தார். உதவி வேண்டும் என்று எழுதினால், தனியாகச் செய்கிறேன் என்று சொன்னது பொய் என்று எழுதுவதுதான் அது. இரண்டு நீதிமன்றங்களில் ஜெயித்தது மூன்றாவதில் கவிழும். எழுதவில்லை. குளுக்கோஸ் கம்பியையும் மணல் பையையும் கொண்டுவந்தார். கைகள் எல்லாம் தொங்க ஆரம்பித்தன. கால்களை நோயாளியோடு வந்தவர்கள் பிடித்தார்கள்.

சலவைப் பிரிவு, மாவுக்கட்டு அறைக்குப் போகும் வழியில்தான் இருந்தது. அவர் சுற்றுச்சுவர் ஓரமாக வேறு வழியில் போகப் பழகிக்கொண்டார்.

*

தபால்காரர் ஒருவர் சைக்கிளோடு பள்ளத்தில் விழுந்து கீழ்க்கால் முறிந்து வந்தார். மெலிந்த ஆள். வலியிலும் வாய் ஓயவில்லை. கூட வந்த அவர் மனைவியைக் காலைப் பிடிக்கச் சொன்னார் கட்டுக்காரர்.

"உள்ளங்கையில தாங்குங்கம்மா. விரலால பிடிக்காதீங்க. நான் சொல்றவரைக்கும் விடக்கூடாது."

"எனக்குப் பார்க்கவே முடியலைங்க" என்று அவள் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு பிடித்தாள். பாதிச் சுற்றில் அவள் தோள் நடுங்கியது. கடைசிச் சுருள் முடிந்து மாவு சூடேறத் தொடங்கியதும், "ஐயோ, சுடுதுங்க, காலு வேகுது!" என்று விட்டுவிட்டாள். கட்டுக்காரர் பாய்ந்து பிடித்தார். ஒரு கையில் குதிகால். மறு கை மேலே நழுவுகிற கட்டைத் தடவியது. நீதிபதிக்குக் காட்டிய அதே நிலை. அது எவ்வளவு நேரம் நிற்கும் என்று அப்போது தெரிந்தது. தபால்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தார்.

வெளியே பார்த்தால் கட்டு வழவழவென்று இருந்தது. எக்ஸ்ரே படத்தில் எலும்பு வளைந்திருந்தது.

எலும்பு டாக்டர் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். "பிரிச்சு மறுபடி இழுத்துக் கட்டணும். ரெண்டு மூணு வாரம் விட்டா கூடிக்கும், அப்புறம் உடைச்சுத்தான் சேர்க்கணும். யார் பிடிச்சது?"

"அவங்க சம்சாரம் சார்."

"ஏன், உங்க இன்னொரு கை என்னாச்சு?" டாக்டர் பழக்கத்தில் கேட்டுவிட்டார். சொன்னபின்தான் அது எப்படி விழுந்தது என்று தெரிந்து, படத்தை உறையில் போடுவதில் மும்முரமானார்.

தபால்காரர்தான் சமாதானம் சொன்னார். "விடுங்க டாக்டர். கடுதாசியே சில நேரம் விலாசம் மாறிப் போயிட்டுத் திரும்பி வருது. என் காலும் ஒரு தடவை போயிட்டு வரட்டும்."

அவர் மனைவி மூலையில் நின்று அழுதாள். "என்னாலதான், என்னாலதான்" என்றாள். உன்னால் இல்லையம்மா என்று சொல்லக் கட்டுக்காரர் வாயைத் திறந்தார். சொன்னால், யாரால் என்று அடுத்ததாகச் சொல்ல வேண்டியிருக்கும். வாயை மூடிக்கொண்டார்.

அன்று அவர் சுற்றுச்சுவர் ஓரம் போகவில்லை. சலவைப் பிரிவுக்கு நேரே போனார். பிடியக்கா ஈரப் போர்வை ஒன்றைத் தொட்டியிலிருந்து இழுத்துக்கொண்டிருந்தார். கை விரல்கள் ஊறி வெளுத்திருந்தன.

"அக்கா, ஒரு கால் இருக்கு. கீழ்க்கால், குறுக்கு முறிவு. ஒரு தடவை வந்து பிடிச்சுட்டுப் போயிடுங்க. யாருக்கும் தெரிய வேணாம்."

"வந்து பிடிச்சா கோர்ட்டு அவமதிப்பு ஆயிடும் தம்பி. உங்களைத் தூக்கி உள்ள வெச்சிருவாங்க."

"அக்கா..."

"அந்த ஆளு காலுக்காக வரேன். வராம இருப்பேனா? ஆனா திருட்டுத்தனமா வரமாட்டேன். அத்தனை வருஷம் பட்டப்பகல்ல நின்னு பிடிச்ச கை இது." அவர் போர்வையின் ஒரு முனையை எறிந்தார். "இந்தாங்க, அந்தப் பக்கம் முறுக்குங்க. இதுக்கும் ரெண்டு பேர் வேணும்."

இருவரும் எதிரெதிரே நின்று போர்வையை முறுக்கினார்கள். தண்ணீர் கொட்டியது.

"அங்க சொன்னீங்க" என்றார் அக்கா. "அங்கதான் திருப்பிச் சொல்லணும். எங்கிட்ட வந்து கையைப் பிசைஞ்சு என்ன பிரயோஜனம்?"

*

வீட்டில் பக்கத்து வீட்டுப் பெண் வந்திருந்தாள். அவர் செருப்பைக் கழற்றும்போதே மனைவியின் குரல் கேட்டது. "ஒரு கையாலேயே பிடிச்சு ஒரு கையாலேயே சுத்துவார். ஜட்ஜே அசந்து போயிட்டார். ஏங்க, இவங்களுக்கு ஒரு தடவை காட்டுங்களேன்!"

அவர் உள்ளே போய்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். பக்கத்து வீட்டுப் பெண் போனபின் மனைவி வந்தாள்.

"என்னங்க, உடம்பு சரியில்லையா?"

"அப்படியெல்லாம் போட முடியாது."

"எது?"

"கட்டு. ஒத்தக் கையால முடியாது. எவனாலயும் முடியாது. எல்லாத்தையும் அக்காதான் பிடிச்சாங்க."

அவளுக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. "அப்ப அன்னிக்கு நீங்க காட்டினது?"

"சும்மா."

"நான் தெருவெல்லாம் சொல்லிட்டேனே" என்றாள். பிறகு, மெதுவாக, "அந்தக்கா வீட்லேயே சொன்னேனேங்க. வாசல்ல பார்த்து, எப்படிக் காட்டினார் தெரியுமான்னு, கையைத் தூக்கி... அவங்க ஆமாமான்னு தலையாட்டினாங்க."

இருவரும் ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை.

"எழுதிக் குடுத்துடலாம்னு இருக்கேன்" என்றார் அவர்.

"சம்பளம்?"

"போனாலும் போகும்."

போகட்டும் என்று அவள் சொல்லவில்லை. போகக்கூடாது என்றும் சொல்லவில்லை. "என்னைக் கேக்காதீங்க" என்றாள். "அன்னிக்குக் கேட்டீங்களா?"

மறுநாள் காலை கண்காணிப்பாளர் மேசையில் அவர் காகிதத்தை வைத்தார். கண்காணிப்பாளர் படித்துவிட்டு, ஓரிடத்தில் பேனாவை வைத்தார்.

"'சில சமயங்களில் உதவி தேவைப்படுகிறது'ன்னு இருக்கு. சில சமயம்னா, கூப்பிடும்போது யாரையாவது அனுப்பறேன். ஆளை நிரந்தரமாப் போட முடியாது."

கட்டுக்காரர் காகிதத்தைத் திரும்ப வாங்கினார். வக்கீலைக் கேட்காமல் எழுதியும், வக்கீலின் புத்தி தன் பேனாவுக்குள் வந்து உட்கார்ந்திருப்பதைப் பார்த்தார். 'சில சமயங்களில்' என்பதை அடித்தார். மேலே எழுதினார்: 'எப்போதும்.' அது மட்டும் போதும் என்று கண்காணிப்பாளர் கை நீட்டினார். அவர் கொடுக்கவில்லை. நின்றபடியே கீழே இன்னொரு வரி சேர்த்தார்: 'இதுவரை போட்ட கட்டுகளும் இரண்டு பேர் போட்டவையே. நீதிமன்றத்தில் நான் சொன்னது சரியல்ல.'

"இந்த வரி தேவையில்லை" என்றார் கண்காணிப்பாளர்.

"தெரியும் சார்."

"நகல் இன்னிக்கே போயிடும்."

"போகட்டும் சார்."

எழுத்தர் நகலெடுக்க வாங்கிக்கொண்டு போனார். கட்டுக்காரர் படியிறங்குவதற்குள் எழுத்தர் அறையில் அது உரக்க வாசிக்கப்படுவது கேட்டது. இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

வக்கீல் தொலைபேசியில் கூப்பிட்டார். "உங்க தலையில நீங்களே மண்ணை வாரிப் போட்டுக்கிட்டீங்க. பொய்ப் பிரமாணம்னு அவங்க தனியா ஒரு வழக்கே போடலாம், தெரியுமா? இனிமே நான் என்னத்தை வாதாட?"

"ரெண்டு பேர் செய்யற வேலைன்னு வாதாடுங்க சார்."

"ரெண்டு பேருக்கும் சம்பளம் கேக்கச் சொல்றீங்களா?"

"கேக்க முடியுமா சார்?"

"முதல்ல உங்களுக்கு ஏதாவது மிஞ்சுதான்னு பார்ப்போம்" என்று வக்கீல் தொலைபேசியை வைத்துவிட்டார்.

*

கண்காணிப்பாளரின் எழுத்து உத்தரவின்பேரில் பிடியக்கா மாவுக்கட்டு அறைக்குள் வந்தபோது தபால்காரர் ஏற்கெனவே மேசையில் படுத்திருந்தார். அக்கா குளுக்கோஸ் கம்பியைப் பார்த்தார், மணல் பையைப் பார்த்தார். இரண்டையும் ஓரமாகத் தள்ளினார்.

கட்டுக்காரர் ரம்பத்தை ஓடவிட்டார். தபால்காரர் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார். "ஏன்யா, ஊரெல்லாம் நாய்க்குப் பயப்படாம சுத்தின ஆளு, பல்லில்லாத கிழவனுக்குப் பயப்படறீங்களே" என்று அக்கா ரம்பத்தைத் தன் உள்ளங்கையில் வைத்துக் காட்டினார். பழைய கட்டு இரண்டாகப் பிளந்தது. உள்ளே குதிகாலுக்கு மேலே, விரல் நுனியளவு ஒரு சிவந்த தடம். அக்கா அதைப் பார்த்தார். கட்டுக்காரர் பார்த்தார். பஞ்சை அந்த இடத்தில் இரட்டையாக வைத்தார்.

டாக்டர் வந்து எலும்பை இழுத்துச் சேர்த்துவிட்டு, குதிகாலை அக்காவின் உள்ளங்கையில் கொடுத்துவிட்டு நகர்ந்தார். கட்டுக்காரர் சுற்ற ஆரம்பித்தார். அந்தப் பக்கம் போன சுருளை மறுகை வாங்கியது.

"எழுத்தர் வாசிச்சுக் காட்டினார்" என்றார் அக்கா, காலிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"ம்."

"எழுத்து கோணலா இருக்குதாம்."

"நின்னுக்கிட்டே எழுதினேன்க்கா."

"என் பேரு இல்லையாமே. 'வார்டுப் பணியாளர் ஒருவர்'னு போட்டிருக்கீங்களாம்."

அவர் கை உருட்டிக்கொண்டே இருந்தது. காதுமடல் சுட்டது. எழுதும்போது அந்தப் பெயர் அவர் நினைவுக்கே வரவில்லை. அலுவலகத்துக்கு எழுதும்போது எல்லோரையும் அப்படித்தான் எழுதுவது வழக்கம் என்று சொல்லலாம். சொன்னால் உண்மையாகக்கூட இருக்கும்.

"மறுபடி எழுதிக் குடுத்துடறேன்க்கா."

"முதல்ல இதை முடிங்க. மாவு இறுகுது."

அவர் கடைசிச் சுருளைச் சுற்றி, ஈர உள்ளங்கையால் மேலிருந்து கீழே தடவிவிட்டார். கட்டு சூடேறியது. தபால்காரர், "ஆமா, சுடத்தான் செய்யுது, அவளைத் திட்டினேனே பாவம்" என்றார். அக்கா அசையவில்லை. கண்காணிப்பாளர் அறையிலிருந்து ஒரு ஆள் வந்து, அரசு வக்கீல் அலுவலகத்திலிருந்து கட்டுக்காரரைத் தேடுவதாகச் சொன்னான். "காத்திருக்கச் சொல்லுங்க" என்றார் கட்டுக்காரர். அக்காவின் முழங்கால் லேசாக மடங்கியதைப் பார்த்து, காலால் முக்காலியைத் தள்ளினார். அக்கா அதை முட்டியால் ஒதுக்கினார். கை இறங்காமல் உட்கார முடியாது.

சூடு தணிந்தது. கட்டுக்காரர் விரல் முட்டியால் கணுக்காலிலிருந்து மேலே தட்டிக்கொண்டு வந்தார். ஒவ்வொரு இடமும் ஒரே மாதிரி ஒலித்தது.

"வாங்கிக்குங்க" என்றார் அக்கா.

அவர் தன் இரண்டு உள்ளங்கைகளையும் அக்காவின் கைகளுக்கு அடியில் கொடுத்தார். அக்கா மெல்லத் தன் கைகளை உருவிக்கொண்டார். கட்டின் முழு எடையும் அவர் கைக்கு வந்தது. நேரம் கொஞ்சம் ஆனதும் தோள் இழுத்தது. இவ்வளவு கனம் என்று அவருக்குத் தெரியாது. வாசலில் தலையணையோடு நின்ற தபால்காரரின் மனைவியைக் கூப்பிட்டு, அவள் பயந்து பயந்து நீட்டிய தலையணையின்மேல் அந்தக் காலை இறக்கி வைத்தார்.